குடியேற்ற நாடுகளில் பெண்கள் எழுதிய முதல் நீதிக்கதைகள்: ஓர் அறிமுகம்

1841-ஆம் ஆண்டு டிசம்பரில் சிட்னி நகரில் சிறுவர்களுக்கான ஒரு நூல் வெளியாயிற்று. ‘ஒரு தாய் தன் பிள்ளைகளுக்கு அளிக்கும் காணிக்கை’ என்று பொருள்படும் தலைப்பைக் கொண்ட அந்நூலின் முகப்பில் ஆசிரியர் பெயர் இல்லை. நியூ சவுத் வேல்ஸில் நெடுங்காலம் வாழ்ந்த ஒரு பெண்மணி எழுதியது என்ற குறிப்பு மட்டுமே இருந்தது. ஆஸ்திரேலியாவில் பதிப்பிக்கப்பட்ட முதல் சிறுவர் நூலாக இன்று கருதப்படுவது இதுவே. இதை எழுதியவர் சார்லட் பார்ட்டன். ஏறக்குறைய அதே காலத்தில் கனடாவின் காட்டுப்பகுதியில் குடியேறிய கேத்தரின் பார் டிரெய்ல் என்பவரும் சிறுவர்களுக்காக எழுதிக்கொண்டிருந்தார். இவ்விருவரையும் முன்னிறுத்தி, குடியேற்ற நாடுகளில் பெண்கள் எழுதிய தொடக்ககால நீதிக்கதைகள் எத்தகையவை, அவை ஏன் எழுதப்பட்டன, இன்று அவற்றை எப்படி வாசிப்பது என்பதை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் குடியேற்ற நாடு என்பதைத் தெளிவாக்கிக்கொள்வது நல்லது. இந்தியாவுக்கு வந்த ஆங்கிலேயர்களில் பெரும்பாலோர் வணிகம், படை, நிர்வாகம் ஆகியவற்றுக்காக வந்து, பணிக்காலம் முடிந்தபின் தாய்நாடு திரும்பினர். ஆஸ்திரேலியாவுக்கும் கனடாவுக்கும் நியூசிலாந்துக்கும் சென்றவர்களுள் பெரும்பகுதியினரோ நிலம் பெற்று, வீடு கட்டி, பிள்ளைகளைப் பெற்று அங்கேயே தங்கிவிட்டனர். அந்த நிலம் வெறுமையாக இருக்கவில்லை. தலைமுறை தலைமுறையாக அங்கு வாழ்ந்த மக்களிடமிருந்து எடுக்கப்பட்டது. 1805 முதல் 1816 வரை இந்தியாவில் தம் கணவரின் படைப்பிரிவோடு வாழ்ந்த மேரி மார்த்தா ஷெர்வுட், ஓர் ஆங்கிலேயச் சிறுவனையும் அவனுடைய இந்தியப் பணியாளரையும் பற்றி எழுதிய சமயக் கதை 1814-இல் வெளியாகிப் பெரும்புகழ் பெற்றது. ஆயினும் அவர் குடியேறியவர் அல்லர், இங்கிலாந்துக்கே திரும்பினார். தான் எழுதும் மண்ணிலேயே தன் பிள்ளைகள் வளர்ந்து வாழப்போகிறார்கள் என்ற நிலையிலிருந்து எழுதிய பெண்களின் கதைகளுக்கு வேறொரு சுமை இருந்தது. பிள்ளைக்கு நல்லொழுக்கத்தைச் சொல்வதோடு, அந்நிய நாடு ஒன்றை அதன் சொந்த நாடாக அறிமுகம் செய்யவேண்டிய பொறுப்பும் அவற்றின்மேல் விழுந்தது.

நீதிக்கதை என்றவுடன் நமக்கு விலங்குகள் பேசும் சிறுகதையும், இறுதியில் ஒற்றை வரியில் வரும் நீதியும் நினைவுக்கு வரலாம். பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இங்கிலாந்தில் உருவான நீதிக்கதை அப்படிப்பட்டதன்று. குழந்தையின் மனம் அனுபவத்தாலும் பழக்கத்தாலும் உருவாகிறது என்று ஆங்கில மெய்யியலாளர் ஜான் லாக் 1693-இல் வெளியிட்ட கல்வி பற்றிய நூலில் வலியுறுத்தினார். அக்கருத்தை உள்வாங்கிய பெண் எழுத்தாளர்கள் அன்றாட வீட்டு வாழ்க்கையையே கதைக்களம் ஆக்கினர். அன்னா பார்பால்ட் 1778-இலிருந்து வெளியிட்ட குழந்தைப் பாடநூல்களில் ஒரு தாய் தன் மகனோடு எளிய சொற்களில் உரையாடுகிறார். மரியா எட்ஜ்வர்த் 1796-இல் வெளியிட்ட கதைத்தொகுப்பில் பிள்ளைகள் தவறு செய்து, அதன் விளைவை அனுபவித்து, தாமாகவே உண்மையை உணர்கிறார்கள். தேவதைக் கதைகளைச் சேரா டிரிம்மர் போன்றோர் ஐயத்தோடு நோக்கினர். பொய்யான அச்சத்தையும் ஆசையையும் அவை பிள்ளைகள் மனத்தில் விதைக்கும் என்று அவர்கள் கருதியதால், உண்மை நிகழ்ச்சிகளும் இயற்கை பற்றிய அறிவும் கதைப்பொருளாயின.

இந்த மரபில் தாயின் உரையாடலுக்கு ஒரு தனி இடம் உண்டு. பிள்ளை கேட்கும், தாய் விடை சொல்வாள், விடையிலிருந்து இன்னொரு கேள்வி பிறக்கும். பல்கலைக்கழகங்கள் பெண்களை அனுமதிக்காத காலத்தில், கற்பிக்கும் உரிமை அவர்களுக்கு ஐயமின்றி ஒப்படைக்கப்பட்ட இடம் வீட்டுக்கூடம் மட்டுமே. வேதியியல் போன்ற துறைகளைக்கூட உரையாடல் வடிவில் எழுதி, பெண்கள் அந்த உரிமையை அச்சுக்குக் கொண்டுவந்தனர். சார்லட் பார்ட்டன் தம் நூலுக்கு இவ்வடிவத்தைத் தேர்ந்தெடுத்ததில் வியப்பில்லை.

அவருடைய வாழ்க்கையைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். அதை அறியாமல் அந்த நூலின் அழுத்தம் புலப்படாது. சார்லட் வேரிங் என்ற இயற்பெயருடன் இங்கிலாந்தில் பிறந்த அவர், செல்வர் வீடுகளில் தங்கிப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் ஆசிரியையாகப் பணியாற்றினார். 1826-இல், சிட்னிக்கு அருகே வாழ்ந்த ஒரு செல்வாக்கு மிக்க குடும்பத்தின் பிள்ளைகளுக்குக் கற்பிக்கக் கப்பலேறினார். அந்தப் பயணத்திலேயே ஜேம்ஸ் அட்கின்சன் என்ற பண்ணை உரிமையாளரோடு அவருக்குத் திருமணம் நிச்சயமாயிற்று. நியூ சவுத் வேல்ஸின் வேளாண்மை, மேய்ச்சல் பற்றி முன்னோடி நூல் ஒன்றை எழுதியவர் அட்கின்சன். 1827-இல் மணம் முடித்து, சட்டன் ஃபாரஸ்ட் பகுதியில் ஓல்ட்பரி என்ற பண்ணையில் இருவரும் குடியமர்ந்தனர். மூன்று பெண்களும் ஓர் ஆணுமாக நான்கு பிள்ளைகள் பிறந்தனர். கடைசிப் பெண் லூயிசா 1834 பிப்ரவரியில் பிறந்தாள்; அடுத்த சில வாரங்களிலேயே அட்கின்சன் இறந்துபோனார்.

கைக்குழந்தை உட்பட நான்கு பிள்ளைகளோடும் ஒரு பெரும் பண்ணையோடும் தனித்து நின்ற சார்லட், 1836-இல் பண்ணை மேற்பார்வையாளரான ஜார்ஜ் பார்ட்டனை மணந்தார். அந்தத் திருமணம் துன்பமாகவே முடிந்தது. குடிப்பழக்கமும் வன்முறையும் கொண்ட கணவரிடமிருந்து தப்பி, 1839-இல் பிள்ளைகளுடன் ஓல்ட்பரியை விட்டு வெளியேறினார். செங்குத்தான மலைச்சரிவு வழியாக, பொதி சுமந்த எருதுகளோடு ஷோல்ஹேவன் பள்ளத்தாக்கில் உள்ள பட்காங் என்ற இடத்துக்கு இறங்கினார்கள். வீட்டில் வளர்த்த கோலா என்ற மரவாழ் விலங்கு ஒன்றும் அவர்களோடு சென்றது. பின்னர் சிட்னி போய்ச் சேர்ந்தனர்.

அங்கே காத்திருந்தது வழக்கு. அன்றைய ஆங்கிலச் சட்டத்தில் திருமணமான பெண்ணுக்குத் தனிச் சொத்துரிமையோ, தான் ஈட்டிய பணத்தின்மேல் உரிமையோ பெரிதும் இல்லை. பிள்ளைகளை வைத்து வளர்க்கும் உரிமையும் தந்தையிடமோ அவர் உயிலில் குறித்தவர்களிடமோ இருந்தது. முதற்கணவரின் சொத்தை நிர்வகித்தவர்களுக்கும் சார்லட்டுக்கும் இடையே பணத்தைப் பற்றியும் பிள்ளைகளைப் பற்றியும் கடுமையான வழக்கு நடந்தது. பிள்ளைகளை வளர்க்க அவர் தகுதியற்றவர் என்றே வாதிடப்பட்டது. 1841-இல் தலைமை நீதிபதி ஜேம்ஸ் டவ்லிங், பிள்ளைகளைத் தாயிடமிருந்து பிரிக்கப் போதிய காரணம் இல்லை என்று தீர்ப்பளித்தார். அதே ஆண்டின் இறுதியில் நூல் வெளிவந்தது. நல்ல தாய் அல்லள் என்று நீதிமன்றத்தில் குற்றம் சாட்டப்பட்ட ஒரு பெண், தாயின் அறிவும் பொறுமையும் பக்கந்தோறும் ஒளிரும் ஒரு நூலை அதே ஆண்டில் வெளியிட்டார் என்பதை நான் தற்செயலாகக் கருதவில்லை. வருமானம் தேவைப்பட்டது உண்மைதான். தம் தகுதியை நிறுவவேண்டிய தேவை அதைவிடக் குறைந்ததாக இருந்திருக்க முடியாது.

நூலின் அமைப்பு எளியது. திருமதி சாவில் என்ற தாய், கிளாரா, எம்மா, ஜூலியஸ், லூசி என்ற நான்கு பிள்ளைகளோடு பேசுகிறார். மூன்று பெண்கள், ஓர் ஆண். மூத்தவர்கள் இருவரும் பெண்கள், மூன்றாமவன் ஆண், கடைக்குட்டி பெண். சார்லட்டின் சொந்தப் பிள்ளைகளும் இதே வரிசையில் பிறந்தவர்கள். கடைசி இருவரின் பெயர்களோ ஜேம்ஸ், லூயிசா என அதே எழுத்துகளில் தொடங்குபவை. வீட்டில் உண்மையாக நடந்த பேச்சே நூலின் அடித்தளம் என்று எண்ண இது இடமளிக்கிறது. உரையாடல் நாடகம் போல அச்சிடப்பட்டுள்ளது. பேசுபவர் பெயர் முன்னே வர, கூற்று பின்தொடர்கிறது. நூல் அன்றைய ஆளுநர் ஜார்ஜ் கிப்ஸின் சிறு மகன் ரெஜினால்டுக்குக் காணிக்கையாக்கப்பட்டிருந்தது.

தாம் சொல்பவை உண்மை நிகழ்ச்சிகள் என்பதையே நூலின் முதன்மைச் சிறப்பாக ஆசிரியர் முன்னுரையில் முன்வைக்கிறார். இங்கேதான் நீதிக்கதை பற்றிய அவருடைய எண்ணம் வெளிப்படுகிறது. பொய் சொன்னால் தண்டனை, கீழ்ப்படிந்தால் பரிசு என்ற கணக்கு அவருக்குப் போதவில்லை. விசித்திரமான ஓசை ஒன்று கேட்டால் அது எதனால் எழுந்தது என்று ஆராய்வதும், பாறையையும் உயிரினங்களையும் கூர்ந்து நோக்குவதும், கேள்விப்பட்டதை அப்படியே நம்பாமல் சரிபார்ப்பதும் அவர் பார்வையில் ஒழுக்கத்தின் பகுதிகள். அறிவைத் தேடும் பழக்கமும் இறைவனின் படைப்பை மதிக்கும் மனமும் ஒன்றே என்று அந்தத் தலைமுறை நம்பியது. நூலின் ஒவ்வொரு உரையாடலும் அந்நம்பிக்கையிலிருந்து எழுகிறது.

அன்று சிட்னியில் வளர்ந்த ஒரு வெள்ளையர் வீட்டுப் பிள்ளையை எண்ணிப் பாருங்கள். அதன் கைக்குக் கிடைத்த நூல்கள் எல்லாம் பல மாதக் கடற்பயணத்துக்குப் பின் இங்கிலாந்திலிருந்து வந்தவை. அவற்றில் கிறிஸ்துமஸ் என்றால் பனி. சாளரத்துக்கு வெளியே கடுங்கோடை. நூலில் ஓக் மரமும் ராபின் பறவையும். வெளியே யூகலிப்டஸும் கொக்கட்டூவும். தன் கண் காண்பது எதுவும் எழுத்தில் இல்லாத ஒரு பிள்ளைக்கு, தன் ஊரின் பெயர்களும் கரைகளும் செய்திகளும் அச்சில் வந்தது எவ்வளவு பெரிய மாற்றமாக இருந்திருக்கும்! சார்லட் பார்ட்டனின் பணியில் மிகுந்த மதிப்புக்குரியது இதுவே என்பது என் கருத்து.

நூலில் அதிகம் இடம்பிடித்திருப்பவை கப்பல் விபத்துகள். 1834 ஆகஸ்டில், ஆஸ்திரேலியாவுக்கும் நியூ கினிக்கும் இடையே உள்ள டாரஸ் நீரிணைப் பகுதியில் உடைந்த ‘சார்லஸ் ஈட்டன்’ கப்பலின் கதை அவற்றுள் ஒன்று. அந்தக் கப்பலில் வங்காளப் பீரங்கிப் படையைச் சேர்ந்த அதிகாரி டாய்லி, தம் மனைவியோடும் இரு சிறு மகன்களோடும் இந்தியாவுக்குத் திரும்பிக்கொண்டிருந்தார். கட்டுமரங்களில் தப்பிக் கரை சேர்ந்தவர்களுள் பெரும்பாலோர் கொல்லப்பட்டனர். ஜான் அயர்லாந்து என்ற கப்பல் பணிச்சிறுவனும், டாய்லியின் இளைய மகன் வில்லியமும் மர்ரே தீவைச் சேர்ந்த டூப்பா என்பவரின் குடும்பத்தில் அடைக்கலம் பெற்றனர். 1836-இல் ‘இசபெல்லா’ என்ற கப்பல் சென்று அவர்களை மீட்டது. கைக்குழந்தைப் பருவத்தில் அங்கே சென்ற வில்லியம், தன்னை வளர்த்த தீவுக் குடும்பத்தைப் பெரிதும் நேசித்தான் என்று அன்றைய பதிவுகள் சொல்கின்றன.

இவ்வளவு கொடிய நிகழ்ச்சியைப் பிள்ளைகளுக்குச் சொல்லலாமா என்ற கேள்வி இன்றைய பெற்றோருக்கு எழும். அக்காலத்தில் கடற்பயணம் செய்யாத குடியேற்றக் குடும்பமே இல்லை. கப்பல் உடைதல் எந்த உறவினருக்கும் நேரக்கூடியதாக இருந்தது. ஆகவே துன்பத்தை எதிர்கொள்ளும் துணிவையும் இறைநம்பிக்கையையும் கற்பிக்க அதைவிடப் பொருத்தமான பொருள் அவர்களுக்குக் கிடைத்திராது.

கனடாவில் கேத்தரின் பார் டிரெய்லின் வழி சற்று வேறு. 1802-இல் பிறந்த அவர் பதின்பருவத்திலேயே சிறுவர் கதைகள் எழுதத் தொடங்கிவிட்டார். கனடாவுக்குக் குடிபெயரும் ஒரு குடும்பத்தின் பிள்ளைகளைப் பற்றி அவர் எழுதிய நூல் 1826-இல் வெளிவந்தது; அப்போது அவர் கனடாவைப் பார்த்ததே இல்லை, குடிபெயர்ந்தவர்கள் எழுதிய கடிதங்களே அவருக்குத் துணை. ஆறு ஆண்டுகள் கழித்து, 1832-இல், கணவர் தாமஸ் டிரெய்லோடு அவரே மேல் கனடாவின் (இன்றைய ஒன்டாரியோவின் தென்பகுதி) காட்டுக்குச் சென்று வாழவேண்டி வந்தது. மரம் வெட்டி நிலம் திருத்தும் கடின வாழ்க்கை, ஒன்பது பிள்ளைகள், ஓயாத கடன், மனச்சோர்வில் ஆழ்ந்த கணவர் என்ற சூழலில் எழுத்தே குடும்பத்துக்கு ஊன்றுகோல் ஆயிற்று.

1852-இல் லண்டனில் வெளியான ‘கனடியன் குரூசோஸ்’ என்ற நூலில் அந்த அனுபவம் முழுதும் தெரிகிறது. ரைஸ் ஏரிச் சமவெளியில் ஹெக்டர், அவன் தங்கை கேத்தரின், உறவினன் லூயி ஆகிய மூவரும் காட்டில் வழி தவறிவிடுகிறார்கள். ஆண்டுகள் சில அங்கேயே தங்கி, பழம் பறித்து, மீன் பிடித்து, குடிசை கட்டி வாழ்கிறார்கள். மோஹாக் என்ற பழங்குடி இனத்தைச் சேர்ந்த இந்தியானா என்ற பெண்ணை அவர்கள் காப்பாற்ற, அவள் காட்டு வாழ்க்கையின் நுட்பங்களை அவர்களுக்குக் கற்றுத்தருகிறாள். முடிவில் தெரிய வருவது, வீடு அத்தனை தொலைவில் இல்லை என்பது. உண்ணத்தக்கது எது, நஞ்சு எது, ஏரியில் தானாக விளையும் நீர்நெல்லை எப்படி அறுவடை செய்வது என்பவற்றை எல்லாம் கதையோட்டத்திலேயே டிரெய்ல் சொல்லிச் செல்கிறார். அழுதுகொண்டு அமர்ந்திருப்பதைவிட எழுந்து வேலை செய்வதே மேல் என்பது அவருடைய நீதி. குடியேறும் பெண்களுக்கு அவர் எழுதிய கையேட்டிலும் அதையே வலியுறுத்துகிறார். 1857-இல் அவருடைய வீடு தீக்கிரையானபோது, தாவரங்களைப் பற்றிய கைப்பிரதியை அவர் காப்பாற்றினார். பிற்காலத்தில் கனடாவின் காட்டுப்பூக்களைப் பற்றி 1868-இலும், தாவர வாழ்வைப் பற்றி 1885-இலும் நூல்கள் வெளியிட்டார்.

இனி, இந்நூல்களை வாசிக்கும் எவரும் கடந்துசெல்ல முடியாத ஒரு பகுதிக்கு வருகிறேன். இலையையும் பாறையையும் இத்தனை பரிவோடு கவனித்த இப்பெண்கள், அந்த மண்ணின் மக்களைக் காணும்போது அந்தக் கவனத்தை முழுமையாகக் காட்டவில்லை. சார்லட்டின் நூலில் பழங்குடி மக்களைப் பற்றித் தனிப் பகுதியே உண்டு. அவர்களது துயரங்களையும் அது பேசுகிறது. வெள்ளையர்களின் கொடுமையைச் சில இடங்களில் மறைக்கவும் இல்லை. ஆனால் கப்பல் விபத்துக் கதையில், கொலை செய்தவர்களை அடியோடு ஒழித்துவிட வேண்டும் என்ற எண்ணம் எழுவதாக ஒரு கூற்று வருகிறது. எல்லையோரங்களில் பழங்குடியினர் கொல்லப்பட்டுவந்த காலத்தில், பிள்ளைகள் படிக்கும் நூலில் அந்த வரி இயல்பாக இடம்பெற்றது என்பதை மனம் கனக்காமல் கடக்க இயலாது. டிரெய்லின் இந்தியானா அறிவும் பற்றும் மிக்கவள். ஆயினும் அவள் கிறித்தவளாகி ஹெக்டரை மணந்த பின்னரே கதை அவளை முழுதாக ஏற்றுக்கொள்கிறது.

நல்லொழுக்கம் கற்பிக்க எழுதப்பட்ட நூல்கள் என்பதாலேயே இது கவனத்துக்குரியது. பிள்ளைகள் நேர்மையாக, கருணையோடு, உழைப்போடு வாழவேண்டும் என்று அவை உளமார விரும்பின. அதே வேளையில், தாம் அமர்ந்து படிக்கும் வீடு யாருடைய நிலத்தில் நிற்கிறது என்ற கேள்வியைப் பிள்ளைகளுக்கு எழாமல் பார்த்துக்கொண்டன. சட்டன் ஃபாரஸ்ட் வட்டாரம் குண்டுங்குர்ரா மக்களின் நிலம். ரைஸ் ஏரிக்கரை அனிஷினாபே மக்களின் வாழிடம். அக்காலத்தில் எல்லோரும் அப்படித்தான் நினைத்தார்கள் என்று சொல்லி இதை ஒதுக்குவது சரியன்று. அந்த மண்ணுக்கு உரியவர்கள் அப்படி நினைக்கவில்லை. பெண்கள் என்ற முறையில் சட்டத்தால் ஒடுக்கப்பட்ட இவர்களே நிலத்தைப் பறித்த சமூகத்தின் அங்கமாகவும் இருந்தார்கள். இரண்டும் உண்மை. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறைத்தால் இந்நூல்களை நாம் வாசித்ததாகாது.

பெயரின்றி எழுதியதன் விளைவு சார்லட்டைப் பல காலம் தொடர்ந்தது. ‘ஒரு பெண்மணி’ என்ற மறைப்பு, நல்ல குடும்பத்துப் பெண் பணத்துக்காக எழுதுகிறாள் என்ற பேச்சிலிருந்து பாதுகாப்புத் தந்தது. வழக்கில் சிக்கியிருந்தவருக்கு அது இன்னும் தேவைப்பட்டிருக்கும். ஆனால் அவர் இறந்த 1867-க்குப் பிறகு, நூல் வேறொரு பெண்மணியின் பெயரில், ஒரு கடற்படைத் தளபதியின் மனைவி எழுதியதாகவே நூற்பட்டியல்களில் இடம்பெற்று வந்தது. சிறுவர் நூல்களின் வரலாற்றை ஆராய்ந்த மார்சி மியூர், 1980-இல் வெளியிட்ட ஆய்வில் சார்லட் பார்ட்டனே ஆசிரியர் என்பதை நிறுவினார்.

நூலில் லூசியாகப் பேசும் கடைக்குட்டி லூயிசாவும் எழுத்தாளராகவே வளர்ந்தாள். உடல்நலம் குன்றியிருந்ததால் பெரும்பாலும் தாயிடமே பாடம் கற்ற அவர், 1857-இல் நாவல் ஒன்றை வெளியிட்டு, ஆஸ்திரேலியாவில் பிறந்த பெண்களுள் நாவல் வெளியிட்ட முதல்வர் ஆனார். சிட்னிக்கு மேற்கே உள்ள நீலமலைப் பகுதியில் தாவரங்களைச் சேகரித்து ஃபெர்டினாண்ட் வான் முல்லர் என்ற தாவரவியலாளருக்கு அனுப்பினார். ஒரு தாவரப் பேரினத்துக்கே அட்கின்சோனியா என்று பெயரிடப்பட்டது. சிட்னி நாளிதழில் இயற்கை பற்றித் தொடர் கட்டுரைகள் எழுதினார். 1863-இல், சிறுவயதில் தாம் கண்ட பழங்குடி மக்களைப் பற்றியும் எழுதினார். அவர்களுடைய வழக்கங்களைப் பரிவோடு பதிவு செய்ததோடு, பல வட்டாரங்களில் அவர்கள் கண்முன் வாழும் மக்கள் என்பதைவிடப் பழைய நினைவாகவே மாறிவிட்டனர் என்பதையும் அவர் வருத்தத்துடன் குறித்திருக்கிறார். தாயின் நூல் வெளிவந்து அப்போது இருபத்திரண்டு ஆண்டுகளே ஆகியிருந்தன.